கால் ஆணியும், காலில் குத்திய ஆணியும்

2022 நவம்பர். மழை விட்டு விட்டுப் பெய்துகொண்டிருந்த ஒரு செவ்வாய்க்கிழமை இரவு அப்பா போன் செய்தார். சாப்பிட்டாயா, சம்பளம் வந்ததா, அம்மாவிடம் பேசினாயா எல்லாம் முடிந்து வைக்கப் போகும் நேரத்தில், "கால்ல ஒரு ஆணி பாப்பா. ஊனினா ஒரு மாதிரியா இருக்கு" என்றார்.

"மெடிக்கல்ல கார்ன் கேப்னு கேளுப்பா. வாங்கி ஒட்டிக்கோ, நாலஞ்சு நாள்ல உதிர்ந்துடும்" என்றேன்.

"சரிம்மா" என்று வைத்துவிட்டார்.

அப்பா சென்ட்ரிங் வேலை செய்கிறவர். திண்டிவனம் பக்கத்தில் ஊர், வேலை எப்போதும் சென்னையில். அப்போது சிறுசேரியில் ஒரு அடுக்குமாடிக் கட்டடத்தில் தளம் போட்டுக்கொண்டிருந்தார்கள். சைட்டிலேயே தகர ஷெட்டில் தங்கியிருந்தார். நான் வேளச்சேரியில் ஹாஸ்டல். பி.எஸ்சி. விலங்கியல் முடித்துவிட்டு 2017-இல் மெடிக்கல் கோடிங்குக்கு வந்தவள். அமெரிக்காவில் ஒருவர் மருத்துவமனைக்குப் போனால், டாக்டர் எழுதிய குறிப்பைப் படித்து, நோய்க்கு ஒரு குறியீடு, சிகிச்சைக்கு ஒரு குறியீடு போட்டுத்தான் இன்சூரன்ஸுக்கு பில் போகும். அந்தக் குறியீட்டைப் போடுகிறவர்களில் ஒரு பெரும் கூட்டம் ஓஎம்ஆரிலும் கிண்டியிலும் அம்பத்தூரிலும் உட்கார்ந்திருக்கிறது. நான் பார்ப்பது எமர்ஜென்சி சார்ட், அதாவது அவசரப் பிரிவில் எழுதிய நோயாளிக் குறிப்புகள். போனை லாக்கரில் வைத்துவிட்டு உள்ளே போனால், டெக்சாஸில் யாரோ ஏணியிலிருந்து விழுந்ததும் ஒஹையோவில் யாரோ ஆணியை மிதித்ததும்தான் மாலை வரை.

ஆணியை மிதித்தவர்கள் நிறையப் பேர் வருவார்கள். அதனாலேயே புதிதாகச் சேருகிறவர்களுக்கு அந்தச் சார்ட்டுகளை முதலில் கொடுப்பார்கள், சுலபம் என்று. உண்மையில் நான் ஃபிரஷராக இருந்தபோது அதிகமாக அடி வாங்கியது அதில்தான்.

ஐசிடி என்பது நோய்க் குறியீடுகளின் பட்டியல். பழைய ஐசிடி-9 காலத்தில் இது சுலபமாகத்தான் இருந்திருக்கும். பாதத்தில் திறந்த காயம், சிக்கல் இல்லை என்றால் 892.0, அவ்வளவுதான். வலது காலா இடது காலா என்றுகூட அதில் கிடையாது. 2015 அக்டோபர் 1 முதல் அமெரிக்காவில் ஐசிடி-10-சிஎம் வந்தபிறகு ஒவ்வொரு எழுத்தும் ஒரு கேள்வி கேட்கிறது. எஸ்91 என்றால் கணுக்கால், பாதம், கால்விரல்களில் திறந்த காயம். அதில் 91.3 பாதம். 91.33 என்றால் குத்துக்காயம், உள்ளே அந்நியப் பொருள் இல்லை, 91.34 என்றால் இருக்கிறது. அடுத்த இலக்கம் 1 வலது, 2 இடது, 9 எந்தக் கால் என்று எழுதவில்லை. கடைசியில் ஏழாவதாக ஒரு எழுத்து: ஏ, டி, அல்லது எஸ். ஆக வலது உள்ளங்காலில் ஆணி குத்தி, உள்ளே எதுவும் தங்காமல், சிகிச்சைக்கு வந்தவருக்கு எஸ்91.331ஏ. பார்க்க லட்சணமாகத்தான் இருக்கிறது.

என் முதல் தவறு இடம் சம்பந்தப்பட்டது. கட்டைவிரலுக்குக் கீழே உள்ள மேட்டில், "பால் ஆஃப் ஃபுட்" என்பார்களே, அங்கே குத்திய காயம். குறிப்பில் கட்டைவிரல் என்ற சொல்லைப் பார்த்ததும் விரலுக்கான எஸ்91.13-ஐ எடுத்துவிட்டேன். அந்த மேடு பாதத்தைச் சேர்ந்தது, விரல் இல்லை. விரலாக இருந்தாலும் உடனே போட்டுவிட முடியாது; நகம் சேதமா இல்லையா என்று பார்க்க வேண்டும். சேதம் என்றால் 91.2 குடும்பத்துக்குப் போக வேண்டும். அகரவரிசை இண்டெக்ஸில் பார்த்த எண்ணை அப்படியே போடாதே, டேபுலர் என்னும் எண்வரிசைப் பட்டியலைத் திறந்து மேலே கீழே உள்ள குறிப்புகளைப் படி என்று வகுப்பில் ஆயிரம் தடவை சொன்னார்கள். ஆடிட்டில் மார்க் போனபிறகுதான் மண்டையில் ஏறியது.

இரண்டாவது, அந்நியப் பொருள். ஆணி என்பதே அந்நியப் பொருள்தானே, பிறகு எப்படி "இல்லை" என்று போடுவது என்று டிரெயினரிடம் சண்டை போட்டிருக்கிறேன். அவர் பொறுமையாகக் கேட்டார்: "டாக்டர் பாக்கும்போது அது எங்க இருந்துச்சு?" நோயாளி வீட்டிலேயே ஆணியைப் பிடுங்கிப் போட்டுவிட்டு வந்திருந்தார். டாக்டர் காயத்தைக் கழுவிப் பார்த்து உள்ளே ஒன்றும் இல்லை என்று எழுதியிருந்தார். அப்படியென்றால் 91.33. குத்தியது எது என்பதைச் சொல்ல டபிள்யூ45.0 என்று தனியாக ஒரு வெளிக்காரணக் குறியீடு இருக்கிறது: ஆணி தோலைத் துளைத்தது. முள் என்றால் டபிள்யூ60. எனக்கு வரும் சார்ட்டுகளில் கள்ளிமுள்தான் அதிகம். சிராய் தோலுக்கு மேலாகவே செருகி நின்றால் அது திறந்த காயமே ஆகாது. மேலோட்டமான அந்நியப் பொருள் என்று எஸ்90.85-க்குப் போய்விடும்.

மூன்றாவதுதான் எல்லாரையும் படுத்தும் விஷயம்: அந்த ஏழாவது எழுத்து. ஏ என்பதற்குப் புத்தகத்தில் "முதல் சந்திப்பு" என்று பொருள்படும்படி போட்டிருக்கும், டி என்றால் "அடுத்த சந்திப்பு". இதை அப்படியே எடுத்துக்கொண்டால் மாட்டினீர்கள். என் சார்ட்டில் ஒரு பெண்மணி தையல் ஊசியை மிதித்து, பாதி ஊசி உள்ளேயே முறிந்துவிட்டது. முதல் நாள் ஒரு கிளினிக்கில் எக்ஸ்ரே எடுத்து, ஊசி ஆழத்தில் இருக்கிறது, எங்களால் முடியாது என்று அனுப்பிவிட்டார்கள். மறுநாள் எங்களுக்குச் சார்ட் அனுப்பும் எமர்ஜென்சிக்கு வந்தபோது அறுத்து எடுத்தார்கள். இரண்டாவது நாள்தானே என்று நான் டி போட்டேன். தவறு. ஏ என்பது வருகையின் எண்ணிக்கை இல்லை. காயத்துக்கு நேரடியான சிகிச்சை நடந்துகொண்டிருக்கும்வரை, எத்தனையாவது முறை வந்தாலும், எந்த டாக்டரிடம் வந்தாலும் 'ஏ'தான். அந்தச் சிகிச்சை முடிந்து, ஆறுகிறதா என்று பார்க்க, கட்டு மாற்ற, தையல் பிரிக்க வரும்போது டி. காயம் ஆறியபின் அதன் தழும்பாலோ அது விட்டுப்போன வேறு கோளாறாலோ தொல்லை வந்தால் எஸ்.

இதில் இன்னொரு வேடிக்கை. ஊசியை எடுத்து முடித்தபின் கட்டு மாற்ற வருகிறவருக்கும் "அந்நியப் பொருளுடன்" என்ற அதே குறியீடுதான், கடைசி எழுத்து மட்டும் டி ஆகும். பொருள்தான் வெளியே வந்துவிட்டதே என்று 91.33-க்கு மாற்றக் கூடாது. நடந்த காயம் எதுவோ அதுதான் கடைசிவரை.

வலது இடது குழப்பத்தைப் பற்றித் தனியாகவே எழுதலாம். மேலே வலது, பரிசோதனைப் பகுதியில் இடது, எக்ஸ்ரேயில் மறுபடி வலது. டெம்ப்ளேட்டை காப்பி பேஸ்ட் செய்வதன் பலன். டாக்டர் எந்தக் கால் என்று எழுதவே இல்லை என்றால் நர்ஸ் எழுதியதை எடுத்துக்கொள்ள விதி இடம் கொடுக்கிறது. ஒன்றுக்கொன்று முரணாக இருந்தால் மட்டும் டாக்டரிடம்தான் கேட்க வேண்டும். பெரும்பான்மை பார்த்து ஓட்டுப் போட முடியாது. அப்படிக் கேட்பதற்குப் பெயர் க்வெரி. "வலது கால்தானே?" என்று பதிலை நாமே வாயில் ஊட்டுகிற மாதிரி கேட்கக் கூடாது. குறிப்பில் இப்படி இருக்கிறது, அப்படியும் இருக்கிறது, தயவுசெய்து தெளிவுபடுத்தவும் என்று கேட்க வேண்டும். எங்கள் டீமில் நான் எழுதும் க்வெரியை மாதிரிக்குக் காட்டுவார்கள். சந்தேகம் வந்தால் ஊகிக்காதே, கேள் என்று புதுப் பிள்ளைகளுக்கு நானே வகுப்பு எடுத்திருக்கிறேன்.

அப்பா பேசிய அந்த வாரம் சனிக்கிழமை மத்தியானம் மேஸ்திரி போன் செய்தார். "உங்கப்பாவுக்கு ராத்திரிலேர்ந்து நடுக்கம்மா. கால் வீங்கிக் கெடக்கு. நீ வந்து பாத்துட்டுப் போ."

வேளச்சேரியிலிருந்து எஸ்ஆர்பி டூல்ஸ் போய், அங்கிருந்து ஓஎம்ஆர் பஸ். மெட்ரோவுக்காகச் சாலையைத் தோண்டிப் போட்டிருந்தார்கள், மழைத் தண்ணீர் வேறு. சிறுசேரி போய்ச் சேர இரண்டரை மணி நேரம் ஆனது. ஷெட்டில் கயிற்றுக் கட்டிலில் படுத்திருந்தார். வலது உள்ளங்காலில், நான் சொன்னபடியே, கார்ன் கேப் ஒட்டியிருந்தது. நான்கு நாளாக. பிரித்தேன். சுற்றிலும் தோல் வெளுத்து ஊறிப்போயிருந்தது. நடுவில் ஒரு சின்ன ஓட்டை. லேசாக அழுத்தியதும் சீழ்.

"என்னப்பா இது, கால் ஆணின்னு சொன்ன?"

"ஆணின்னுதானே பாப்பா சொன்னேன். பலகை பிரிச்சுப் போட்டாங்கல்ல, அதுல இருந்த ஆணி. மிதிச்சுட்டேன்."

"எப்ப?"

"போன வெள்ளிக்கிழமை. புடுங்கிப் போட்டுட்டு எண்ணெய் காய்ச்சி விட்டேன். வலியே இல்ல. அதான் பெருசா எடுத்துக்கல."

தமிழில் கால் ஆணி என்றால் காய்ப்பு. அவர் சொன்னது காலில் குத்திய இரும்பாணி. இரண்டுக்கும் ஒரே சொல். நாற்பது வருடமாக ஆணியும் பலகையுமாக வாழ்கிற மனிதர் ஆணி என்று சொன்னால் எந்த ஆணியாக இருக்கும் என்று யோசிக்க எனக்கு ஒரு விநாடிகூட ஆகியிருக்காது. எந்த ஆணிப்பா என்று இரண்டே சொல் கேட்டிருந்தால் போதும். முகம் தெரியாத டாக்டருக்கு அரைப் பக்கம் க்வெரி எழுதுகிறவள் பெற்ற அப்பாவிடம் கேட்கவில்லை. அதற்குமேல் கார்ன் கேப்பை வேறு பரிந்துரைத்திருக்கிறேன். அதில் இருப்பது சாலிசிலிக் அமிலம், தோலை அரிக்கத்தான் அது. அப்பாவுக்கு ஒன்பது வருடமாகச் சர்க்கரை. சர்க்கரை உள்ளவர்கள் காலில் கார்ன் கேப்பை டாக்டரைக் கேட்காமல் ஒட்டவே கூடாது. இது எனக்குத் தெரியாத விஷயமும் இல்லை.

வலி இல்லை என்று சொன்னாரே, அதுதான் மோசமான செய்தி. சர்க்கரை நாள்பட நாள்பட காலில் நரம்பு மரத்துப்போகும். மற்றவர்கள் துள்ளிக் குதிக்கிற இடத்தில் இவர்களுக்கு "ஒரு மாதிரியா" இருக்கும். அந்தச் சொல்லையும் நான் காதில் வாங்கவில்லை. மேலே பார்த்தால் கடுகளவு ஓட்டை, உள்ளே எவ்வளவு ஆழம் போயிருக்கிறது என்று தெரியாது. மேல்வாய் சீக்கிரம் மூடிக்கொள்ளும், அழுக்கு உள்ளேயே தங்கும். சுடு எண்ணெய், மஞ்சள், சுண்ணாம்பு எதுவும் அந்த ஆழத்துக்கு எட்டாது. மேல் தோலைப் பொசுக்கி வாயை இன்னும் சீக்கிரம் அடைக்கத்தான் உதவும்.

அன்று இரவே மருத்துவமனையில் சேர்த்தோம். எக்ஸ்ரேயில் ஒன்றும் இல்லை. எலும்பும் நன்றாக இருக்கிறது என்றார்கள். எனக்குள் இருந்த கோடர் உடனே எஸ்91.331ஏ என்று மனதுக்குள் முடித்துவிட்டாள். பெரிய டாக்டர் வந்தார். "என்ன செருப்பு போட்டிருந்தீங்க?" என்று கேட்டார். இந்தக் கேள்வி எனக்குத் தோன்றவே இல்லை. அப்பா கட்டிலுக்கு அடியில் கிடந்த ஹவாய் செருப்பைக் காட்டினார். நீல ரப்பரில் ஆணி துளைத்த ஓட்டை அப்படியே இருந்தது. டாக்டர் ஸ்கேன் எடுக்கச் சொன்னார். எக்ஸ்ரேயில் இரும்பு தெரியும், கண்ணாடி பெரும்பாலும் தெரியும். மரச்சிராயும் ரப்பரும் பொதுவாகத் தெரியாது. ஸ்கேனில் என்னவோ ஒன்று தெரிந்தது. மறுநாள் அறுத்துச் சீழை எடுத்தபோது கூடவே வந்தது கடுகைவிடக் கொஞ்சம் பெரிய நீல ரப்பர் துண்டு. ஆணி போகும்போது செருப்பையும் கொஞ்சம் உள்ளே இழுத்துக்கொண்டு போயிருக்கிறது. தடித்த ரப்பர் சோல் வழியாகக் குத்தினால் சூடோமோனாஸ் என்ற கிருமி எலும்புவரை போக வாய்ப்பு உண்டு என்று எத்தனையோ சார்ட்டில் படித்திருக்கிறேன். அப்பாவுக்கு அந்த அளவுக்குப் போகவில்லை. தப்பித்தார்.

என் அலுவலக குரூப் இன்சூரன்ஸில் அப்பா அம்மா பெயரும் உண்டு. அடுத்த கூத்து அங்கே. இன்சூரன்ஸ்காரர்களிடமிருந்து கேள்வி வந்தது: இது விபத்தா, சர்க்கரைப் புண்ணா? எப்போது, எங்கே, எப்படி அடிபட்டது? குடித்திருந்தாரா? சேர்த்த அன்று இரவு டியூட்டி டாக்டர் சீட்டில் ஒற்றை வரியில் டயாபெடிக் ஃபுட் என்று மட்டும் எழுதியிருந்தார். ஆணி என்ற சொல்லே அதில் இல்லை. அந்த வரியைப் பார்த்துத்தான் பிறகு எல்லாரும் எழுதிக்கொண்டே போயிருக்கிறார்கள். சர்க்கரைப் புண்ணும் சர்க்கரைக்காரருக்கு ஏற்பட்ட ஆணிக் காயமும் ஒன்றல்ல. கோடிங்கில் முதலாவது இ11.621-ம் கூடவே புண்ணுக்கு எல்97-ம். இரண்டாவதற்கு எஸ்91, சர்க்கரை தனியாக. நமக்குத் தெரிகிறது என்பதற்காகக் கோடர் அதை மாற்றி எழுத முடியாது, டாக்டர்தான் எழுத வேண்டும். பெரிய டாக்டரிடம் போய், அவர் அறுத்து எடுத்ததையே நினைவுபடுத்தி, ஆணி குத்திய காயம், ரப்பர் துண்டு அகற்றப்பட்டது, சீழ்க்கட்டி என்று எழுதி வாங்கினேன். எப்படி நடந்தது என்று அப்பா கைப்பட ஒரு கடிதம். பணம் வந்தது.

டிஸ்சார்ஜ் சம்மரியைக் கையில் வாங்கியதும் பழக்கதோஷத்தில் முழுக்கப் படித்தேன். முதல் பக்கம் வலது கால். அறுவைக் குறிப்பில் இடது கால். அங்கேயே நின்று திருத்தி, கையெழுத்தும் சீலும் வாங்கிய பிறகுதான் ஆட்டோ ஏறினோம். வீட்டுக்குப் போனபின் கண்ணில் பட்டால் அதற்காக எத்தனை நடை நடக்க வேண்டும் என்று யோசித்துப் பாருங்கள்.

அதிலிருந்து என்னைக் கேட்கிறவர்களுக்கெல்லாம் இதைத்தான் சொல்கிறேன். ஆணியோ முள்ளோ குத்திப் போனால், முதல் சீட்டு எழுதுகிற ஆளிடமே எல்லாவற்றையும் கொட்டிவிடுங்கள். எது குத்தியது, எந்தக் கால், என்றைக்கு, எந்த இடத்தில், செருப்போ ஷூவோ போட்டிருந்தீர்களா, பிடுங்கியபோது முழுசாக வந்ததா முனை முறிந்திருந்ததா, சர்க்கரை உண்டா, கடைசியாக டிடி ஊசி (டெட்டனஸ் தடுப்பூசி) எப்போது போட்டது. ஆணியையும் செருப்பையும் தூக்கிப் போடாமல் எடுத்துக்கொண்டே போங்கள், சிரித்தால் சிரிக்கட்டும். எக்ஸ்ரேயில் ஒன்றும் இல்லை என்று சொல்லியும் நாளாக ஆக வீக்கமோ வலியோ கூடினால் திரும்பப் போய் நில்லுங்கள். கோடிங்கில் புதிதாகச் சேர்ந்திருக்கும் தம்பி தங்கைகளுக்கும் இந்தக் கேள்விகள்தான். அந்நியப் பொருள் என்ற இடத்தில் பேனா நின்றால், குறிப்பில் செருப்பு, சாக்ஸ், ஸ்கேன், அகற்றப்பட்டது என்ற சொற்களைத் தேடுங்கள். எக்ஸ்ரே ரிப்போர்ட்டை மட்டும் பார்த்துவிட்டு 91.33-ஐப் போட்டுவிடாதீர்கள். சிகிச்சைக் குறிப்பின் கடைசி வரியில் ஒரு ரப்பர் துண்டு இருக்கக்கூடும்.

ஆஸ்பத்திரி பெஞ்சில் உட்கார்ந்திருந்த இரவு, அப்பாவின் சார்ட் டெக்சாஸிலிருந்து எனக்கு வந்திருந்தால் எப்படிப் போட்டிருப்பேன் என்று பில்லின் பின்பக்கத்தில் எழுதிப் பார்த்தேன். எஸ்91.341ஏ. வலது பாதச் சீழ்க்கட்டி எல்02.611. காயத்தோடு வரும் தொற்றையும் சேர்த்துப் போடு என்று எஸ்91-இன் தலைக்குறிப்பே சொல்கிறது. எது முதலில் என்பது அன்றைக்கு எதற்காக வைத்தியம் நடந்தது என்பதைப் பொறுத்தது. நரம்புப் பாதிப்போடு சர்க்கரை, இ11.40. ஆணி, டபிள்யூ45.0எக்ஸ்எக்ஸ்ஏ. கட்டிக்கொண்டிருக்கும் கட்டடம், ஒய்92.61. கட்டட வேலை, ஒய்93.எச்3. கூலிக்குச் செய்த வேலை, ஒய்99.0. இந்த ஒய் குறியீடுகளை டார்கெட் அவசரத்தில் எரிச்சலோடுதான் போடுவேன். எங்கே விழுந்தால் என்ன, என்ன செய்துகொண்டிருந்தால் என்ன என்று தோன்றும். பல இன்சூரன்ஸ்காரர்கள் அதைக் கேட்பதும் இல்லை. அன்று அந்த நான்கைந்து வரியில் அப்பாவின் நாற்பது வருடமும் இருந்தது. பில்லை மடித்துப் பையில் வைத்துக்கொண்டேன். எங்கள் ஊர் மருத்துவமனை பயன்படுத்தும், அமெரிக்காவின் 'சிஎம்' சேராத ஐசிடி-10-இல் இதற்கு எஸ்91.3 மட்டும்தான், எந்தக் கால் என்றுகூடக் கேட்காது.

காயம் மூட ஏழு வாரம் ஆனது. மேடவாக்கத்தில் ஒரு கிளினிக்கில் ஒருநாள் விட்டு ஒருநாள் கட்டு. எல்லாம் டி.

இப்போது அப்பா சேஃப்டி ஷூ போடுகிறார், முனகிக்கொண்டே. மாத்திரையும் ஒழுங்காகப் போடுகிறார் என்று அம்மா சொல்கிறாள், நம்புகிறேன். போன மாதம் ஒரு மத்தியானம், சாப்பாட்டு நேரத்தில் லாக்கரிலிருந்து போனை எடுத்தால் அவரிடமிருந்து மூன்று மிஸ்டு கால். பதறிக்கொண்டு கூப்பிட்டேன்.

"ஒண்ணும் இல்ல பாப்பா. இடது கை. கட்டை விரல். சுத்தி பட்டுருச்சு. இன்னிக்குக் காலைல பத்து மணிக்கு. நகத்துல கொஞ்சம் ரத்தம் கட்டியிருக்கு. உள்ள ஒண்ணும் போவல. டிடி ஊசி போன தடவ போட்டதே இருக்கு." கொஞ்சம் நிறுத்தி, "வேற எதாவது கேக்கணுமா?" என்றார்.